குளத்து மீன் வழக்கு

கலுகஸ்வெவ
19.01.2025

அன்புள்ள மச்சானுக்கு, அஸ்ஸலாமு அலைக்கும்.

நான் சுகம். உங்கள் சுகத்தைப் போனில் கேட்டால் "ம்ம்" என்கிறீர்கள். அந்த "ம்ம்" நல்ல சுகமா, காய்ச்சலா என்று எனக்குப் பிடிபடுவதில்லை. அதனால்தான் பேனையை எடுத்தேன்.

இந்தத் தபாலகத்தைப் பொறுப்பெடுத்து ஒரு கிழமையாகிறது. பஸ்ஸை விட்டு இறங்கியதும் நான் முதலில் தேடியது கடலைத்தான். பைத்தியக்காரி! திரும்பிய பக்கமெல்லாம் வயல், அதற்கப்பால் குளம், குளத்துக்கப்பால் காடு, காட்டுக்குள் யானை. ஏழு வருடம் முந்தல் பக்கத்திலேயே இருந்துவிட்டேனாம், மாறத்தான் வேண்டுமாம். மாறமாட்டேன் என்று நான் எப்போது சொன்னேன்? கற்பிட்டிப் பக்கம் வெற்றிடம் இருக்கும்போது, கட்டிய புருஷனை விட்டு இப்படி நாட்டின் மறு மூலைக்குப் போகச் சொல்வது ஏன் என்றுதான் கேட்டேன். முதல் மேன்முறையீடு தள்ளுபடியாகிவிட்டது. இனி கொழும்பில் நியாயசபைதான். சிலாபத்துக்குப் போய்ச் சட்டத்தரணி யூஜினி மிஸ்ஸைச் சந்தித்தீர்களா?

இன்னொரு விஷயம். விடுதிக்குள் போனுக்கு சிக்னல் இல்லை. இங்கே வருவதெல்லாம் வங்கிக் கடிதமும் மின்சாரப் பில்லும்தான். தபாற்காரர் நேற்று என்னைப் பார்த்து, "நோனாவுக்கு ஒருத்தரும் எழுதுறதில்லையா?" என்று கேட்டுவிட்டார். எனக்கு மானம் போய்விட்டது. தபாலதிபரின் புருஷனே கடிதம் எழுதாவிட்டால் இந்த நாட்டில் வேறு யார் எழுதப்போகிறார்கள்? எழுதுங்கள். "ம்ம்" என்று மட்டும் எழுத வேண்டாம்.

வஸ்ஸலாம்.
உங்கள் முஃபீதா


பள்ளிவாசல்துறை
06.02.2025

முஃபீதாவுக்கு, வஅலைக்கும் ஸலாம்.

அல்லாஹ்வின் காவலில் நானும் சுகம், வள்ளமும் சுகம், இயந்திரத்துக்கு மட்டும் கொஞ்சம் இருமல். நான் கடைசியாக எழுதிய கடிதம் பள்ளிக்கூடத்தில் மூன்று நாள் லீவு கேட்டு எழுதியது. நாலு வரி எழுதுவதற்குள் எனக்கு வியர்க்கிறது. வலை இழுக்கும்போது கூட இப்படி வியர்த்ததில்லை. பிழை கண்டால் சிரிக்காதே.

யூஜினி மிஸ்ஸிடம் போனேன். புருஷன் பெண்சாதி இரண்டு பேரும் அரசாங்க உத்தியோகம் என்றால் பிரிக்காமல் இருக்க ஒரு விதி இருக்கிறதாம். நான் வெறும் வள்ளக்காரன், எனக்கு அது பொருந்தாது. "ஒங்கட தொழில் என்ன?" என்று கேட்டார். கடல் என்றேன். "அவங்க போன ஊர்ல கடல் இரிக்கா?" இல்லை என்றேன். அப்படியே எழுதிவிட்டார். மனுதாரரின் கணவர் கடற்றொழிலாளி, மாற்றப்பட்ட இடத்தில் கடல் இல்லை, ஆகவே அவர் மனைவியோடு போய்க் குடியிருந்து பிழைக்க இயலாது. அச்சில் பார்க்க எவ்வளவு அழகாக இருக்கிறது தெரியுமா? எனக்கே என்மேல் மரியாதை வந்துவிட்டது.

இந்தச் செய்னுலாப்தீன் இருக்கிறானே, ஒரே வள்ளத்தில் பத்து வருடம் என்னோடு வந்தும் வாயை மூடத் தெரியாதவன். "கடல் இல்லாட்டி என்ன, குளத்துல போய்ப் பிடியன்டா" என்கிறான். "குளத்துல இரிக்கிறதும் மீனாடா?" என்று கேட்டேன். துறையே சிரித்தது.

உன் தபாற்காரருக்குச் சொல், நோனாவுக்கு எழுத ஆள் இருக்கிறது என்று.

வஸ்ஸலாம்.
ஹிஸ்புல்லா


கலுகஸ்வெவ
22.02.2025

அன்புள்ள மச்சானுக்கு, அஸ்ஸலாமு அலைக்கும்.

இங்கே எல்லோரும் நலம், நீங்களும் நோன்புக்கு முன்னால் உடம்பைத் தேற்றிக்கொள்ளுங்கள். உங்கள் கடிதம் வந்த அன்று தபாற்காரர் அதைக் கையில் உயர்த்திப் பிடித்துக்கொண்டு வந்தார். நான் கவுண்டரில் இருந்தே படித்தேன். முத்திரை வாங்க வந்தவர்கள் பொறுத்துக்கொண்டு நின்றார்கள். மச்சான், நீங்கள் இவ்வளவு கதைப்பீர்கள் என்று எனக்கு நாலு வருடமாகத் தெரியாதே! வீட்டில் ஒரே கூரைக்குக் கீழே இருந்தபோது இந்தக் கதையெல்லாம் எங்கே ஒளித்து வைத்திருந்தீர்கள்?

இங்குள்ள சனம் நல்ல சனம். சோமாவதி என்று ஒரு பெண், காலையில் குளக்கரையில் தூண்டில் போட்டுவிட்டு நேரே தபாலகத்துக்கு வருவாள், மகனுடைய காசுக் கட்டளை வந்ததா என்று பார்க்க. எனக்கு மீன் தருவாள். நல்ல ருசிதான், ஆனால் சேற்று மணம் போக நாலு தேசிக்காய் பிழிய வேண்டும். ஒரு துண்டு கட்டாக் கருவாட்டுக்கு நாக்கு ஏங்குகிறது.

பெருநாள் முடிந்ததும் வந்து போங்களேன். எனக்கு இங்கே ஒன்றும் குறையில்லை. நீங்கள் இல்லாததுதான் குறை.

வஸ்ஸலாம்.
முஃபீதா


பள்ளிவாசல்துறை
14.03.2025

முஃபீதாவுக்கு, ஸலாம்.

நோன்பு பிடிக்கிறாயா, ஸஹருக்கு எழும்ப முடிகிறதா? நான் பிடிக்கிறேன். கஞ்சியை நேற்று நானே காய்ச்சினேன். அடிப்பிடித்துச் சட்டியோடு ஒட்டிவிட்டது. பள்ளிக் கஞ்சி இருக்கிறதுதான், ஆனால் வீட்டில் ஒரு அடுப்பு எரிய வேண்டும் போல் இருந்தது. நோன்பு திறக்கும்போது எதிரே உன் கதிரை வெறுமையாகக் கிடந்தது. அதைத் தூக்கி அறைக்குள் வைத்தேன். பிறகு அதுவும் சரிவரவில்லை, திரும்பக் கொண்டுவந்து போட்டேன். நல்ல பைத்தியம்தான் எனக்கும்.

பெருநாள் முடிந்த கையோடு வருகிறேன். கருவாடும் வரும். என் வீச்சுவலையையும் கொண்டுவருகிறேன். சும்மாதான். வலை இல்லாமல் பயணம் போனால் கை ஆடிக்கொண்டே இருக்கும். யூஜினி மிஸ்ஸிடம் சொன்னேன், "போங்க, பெண்சாதியைப் பாருங்க, வேற ஒண்டும் செய்யாதீங்க" என்றார். வேறு என்ன செய்யப்போகிறேன்?

வஸ்ஸலாம்.
ஹிஸ்புல்லா


பள்ளிவாசல்துறை
12.04.2025

முஃபீதாவுக்கு, ஸலாம்.

சுகமாக வந்து சேர்ந்தேன். இடுப்பு மட்டும் இன்னும் பஸ்ஸிலேயே இருக்கிறது.

அந்த விராலை மறக்க முடியுமா! நீ வேலை விட்டு வெளியே வந்ததும் நான் அதைத் தூக்கிக்கொண்டு வாசலில் நின்றேனே, உன் முகத்தைப் பார்க்க வேண்டுமே! நீ எடுத்த படத்தைச் செய்னுலாப்தீனுக்குக் காட்டி, அவனுடைய போனுக்கும் அனுப்பினேன். வாயைப் பிளந்தான். "எப்படிடா பிடிச்சாய்?" என்றான். தொழில் இரகசியம் என்றேன். கடலில் பிடித்தவனுக்குக் குளம் என்ன, கிணறு என்ன என்று இரண்டு நாளாகத் துறையில் என் கதைதான்.

வேறு விசேஷம் இல்லை. வீச்சுவலை ஒன்று புதிதாக வாங்கினேன். பழையதை எலி கடித்துவிட்டது.

உன் கையால் சாப்பிட்ட சோறு நினைவாகவே இருக்கிறது. வழக்குச் சீக்கிரம் முடியட்டும்.

வஸ்ஸலாம்.
ஹிஸ்புல்லா


கலுகஸ்வெவ
03.05.2025

அன்புள்ள மச்சானுக்கு, அஸ்ஸலாமு அலைக்கும்.

சுகம்தானே? இடுப்புக்கு எண்ணெய் போட்டீர்களா? நீங்கள் போன பிறகு விடுதி பெரிதாகிவிட்டது. ஊரில் எல்லோரும் உங்களைத்தான் விசாரிக்கிறார்கள். சோமாவதி கவுண்டருக்கு வந்தாலே "மஹத்தயா சுகமா?" என்று கேட்டுவிட்டுக் கையால் வாயைப் பொத்திச் சிரிப்பாள்.

படத்தை டவுனில் கொடுத்துப் பெரிதாக எடுத்தேன். நல்ல இடத்தில் வைத்திருக்கிறேன். போன கிழமை மேலதிகாரி பரிசோதனைக்கு வந்தார். தன்மையான மனிதர். தபாலகம் வடிவாக இருக்கிறது என்று பாராட்டி, தேத்தண்ணீர் குடித்து, சுவரையெல்லாம் போனில் படம் எடுத்துக்கொண்டு போனார். எனக்கு ஒரே சந்தோஷம்.

எலிக்கு மருந்து வையுங்கள். புது வலையையும் கடித்துவிடும்.

வஸ்ஸலாம்.
முஃபீதா


பள்ளிவாசல்துறை
02.06.2025

முஃபீதாவுக்கு, ஸலாம்.

நீ சுகமாக இருப்பாய். நான் சுகமில்லை. என் இரத்தம் கொதிக்கிறது.

தபால் திணைக்களத்தின் பதில் வந்திருக்கிறது. யூஜினி மிஸ் கூப்பிட்டு வாசித்துக் காட்டினார். மனுதாரரின் கணவர் குளத்து மீன்பிடியிலும் தேர்ந்தவராம், ஆகவே அந்த ஊரில் அவருக்குத் தொழில் இல்லை என்பது பொய்யாம், அதற்கு ஆதாரமாக ஒரு படமாம். என்ன படம்? விராலைத் தூக்கிக்கொண்டு இளித்துக்கொண்டு நிற்கிறேன் நான்! யூஜினி மிஸ் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டு, "கடல் இல்லாததாலதான் நம்மட வழக்கே நிக்குது. நீங்க போய் மீனையும் பிடிச்சி, அதைப் படமும் எடுத்தீங்களா?" என்று கேட்டார்.

இதை அவர்களுக்குக் கொடுத்த வீணாய்ப்போனவன் யார்? படம் இருந்தது மூன்று பேரிடம்தான். நான், நீ, செய்னுலாப்தீன். அவனோடு கதையை நிறுத்திவிட்டேன். வள்ளத்தில் கையால்தான் பேச்சு. நேற்று நான் "இடப்பக்கம்" என்று கையைக் காட்ட, அவன் வேண்டுமென்றே வலப்பக்கம் திருப்பினான்.

உனக்கு ஏதாவது தெரிந்தால் உடனே எழுது. இந்த வழக்குத் தோற்றால் நீ அங்கே, நான் இங்கே, வருடத்துக்கு இரண்டு பெருநாள்தான் நமக்கு வாழ்க்கை.

வஸ்ஸலாம்.
ஹிஸ்புல்லா


கலுகஸ்வெவ
25.06.2025

அன்புள்ள மச்சானுக்கு, அஸ்ஸலாமு அலைக்கும்.

ஹஜ்ஜுப் பெருநாள் நல்லபடியாகக் கழிந்ததா? குர்பான் இறைச்சி வந்ததா? இங்கே சரியான வெயில். குளம் வற்றிக்கொண்டு போகிறது. தபாலகக் கூரையில் குரங்குகள் ஓடி இரண்டு ஓடு உடைந்துவிட்டது. ஓடு மாற்ற மூன்று பிரதியில் எழுதிப் போட்டேன். ஒன்றைச் சிவப்பு மையால் எழுதச் சொன்னார்கள். சிவப்புப் பேனை இல்லை. டவுனுக்குப் போனேன். அங்கேயும் இல்லை. தபாற்காரரின் மகள் பரீட்சையில் நல்லாகச் செய்திருக்கிறாள். இங்கத்தைய பலாப்பழம் நம் பக்கத்துப் பழத்தைவிட இனிப்பு.

செய்னுலாப்தீன் நானாவோடு கோபிக்க வேண்டாம். அவர் நல்ல மனுஷர், எனக்குச் சொந்த அண்ணன் மாதிரி. அவராக இருக்காது.

நீங்கள் கேட்ட மற்ற விஷயம் பற்றி விவரமாக எழுதத்தான் இருந்தேன், இப்போது கரண்ட் போய்விட்டது.

வஸ்ஸலாம்.
முஃபீதா


பள்ளிவாசல்துறை
08.07.2025

முஃபீதாவுக்கு, ஸலாம்.

இரண்டு ஓடு உடைந்ததற்கு இவ்வளவு எழுத உனக்குக் கரண்ட் இருந்தது. உன் மாப்பிள்ளையின் மானம் உடைந்ததற்கு எழுதத்தான் இல்லாமல் போய்விட்டது. போகட்டும்.

விசாரணை 22ஆம் திகதி. குளத்தில் பிடிக்கத் தெரியுமா என்று என்னைக் கேட்டாலும் கேட்பார்களாம். "பெரிய கதை அளக்காதீங்க, உள்ளதை மட்டும் சொல்லுங்க" என்று யூஜினி மிஸ் மூன்று தரம் சொல்லி அனுப்பினார். செய்னுலாப்தீனும் வருகிறானாம். அவன் மட்டுமா, துறையில் பாதிப் பேர் வேன் பிடித்து வருகிறார்கள். ஆதரவு தரவாம். எனக்குத் தெரியாதா இவர்களை!

துஆ செய்.

வஸ்ஸலாம்.
ஹிஸ்புல்லா


பள்ளிவாசல்துறை
24.07.2025

முஃபீதாவுக்கு, ஸலாம்.

உடம்புக்கு ஒன்றுமில்லை, பயப்படாதே. நடந்ததைச் சொல்கிறேன், முழுவதையும் படி.

நியாயசபையில் மூன்று பேர் இருந்தார்கள். நடுவில் தலைவர். திணைக்களத்து ஐயா அந்தப் படத்தை எடுத்துக் கொடுத்தார். தலைவர் பார்த்துவிட்டு, "இது எங்கே கிடைத்தது?" என்று கேட்டார். நான் செய்னுலாப்தீனைத் திரும்பி முறைத்தேன். ஐயா சொன்னார்: "மனுதாரரின் தபாலகத்தில். கவுண்டருக்கு மேலே, கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டியிருந்தது. கீழே மனுதாரரின் கையெழுத்தில் 'என் கணவர்' என்று எழுதியிருக்கிறது."

முஃபீதா, எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. முத்திரை வாங்க வருகிறவன், பென்ஷன் எடுக்க வருகிறவன், எல்லோருக்கும் தெரிய நீ என்னைச் சட்டம் போட்டு மாட்டியிருக்கிறாய். என் பெயரை இந்தத் துறையில் பள்ளிவாசல் சந்தாத் துண்டில் தவிர வேறெங்கும் ஒருவரும் எழுதியதில்லை.

அந்த நேரம் பார்த்துத் தலைவர் என்னைக் கேட்டார். "உங்களுக்குக் குளத்தில் மீன் பிடிக்கத் தெரியும்தானே?"

பின்னால் நம் துறையே உட்கார்ந்திருக்கிறது. தெரியும் என்றால் என் மானம் நிற்கும், நீ அங்கேயே நிற்பாய். உள்ளதைச் சொன்னால் நீ வீட்டுக்கு வருவாய், ஆனால் அந்தப் படத்தை இனி எந்த முகத்தோடு பார்ப்பாய்? யூஜினி மிஸ் தலையைக் குனிந்துகொண்டார். நான் எழும்பினேன்.

"தெரியாது ஐயா. அந்த மீன் நான் பிடிச்சது இல்ல."

பின்னால் ஒருவன் இருமினான். செய்னுலாப்தீன்தான். நான் நிற்கவில்லை. நிறுத்தினால் மிச்சம் வராது என்று தெரியும்.

"நான் வலையை வீசினேன் ஐயா. கடல்ல வீசின மாதிரி வீசிட்டேன். குளத்துக்கடியில செத்த மரக்கட்டை நிக்கிறது எனக்குத் தெரியாது. வலை போய்க் கட்டையில மாட்டிட்டு. கழுத்தளவு தண்ணியில இறங்கி இழுத்தேன், ரெண்டாக் கிழிஞ்சிட்டு. கரையில ஒரு பொம்புள தூண்டில் போட்டுக்கொண்டு இருந்திச்சி. என்னைப் பார்த்துப் பாவப்பட்டு, 'இதை நோனாவுக்குக் கொண்டு போங்க' எண்டு அந்த விராலைத் தந்திச்சி. வெறுங்கையோட அவள்ட முன்னால போக வெக்கமா இருந்திச்சி ஐயா. அதுதான் தூக்கிக்கொண்டு போய் நிண்டேன்."

தலைவர் கடுதாசியை முகத்துக்கு நேரே உயர்த்திக்கொண்டார். கடுதாசி ஆடியது. திணைக்களத்து ஐயா கூட, "வலை முழுசாக் கிழிஞ்சிட்டா?" என்று கவலையாக விசாரித்தார். தீர்ப்பைப் பிறகு தபாலில் அனுப்புவார்களாம்.

செய்னுலாப்தீனிடம் மன்னிப்புக் கேட்டேன். சிலாபம் வரைக்கும் பேசாமல் வந்தான், பாவம் என்று நினைத்தேன். பாலத்தைத் தாண்டியதும், "எலி கடிச்ச வலை எங்கடா?" என்று தொடங்கினான் பார், பள்ளிவாசல்துறை வரைக்கும் வேன் குலுங்கியது. இன்று காலையில் இருந்து என் பெயர் விரால் ஹிஸ்புல்லா.

அது கிடக்கட்டும். ஒரு மாதத்தில் அலுத்துப்போவார்கள். நான் பயப்படுவது உன்னைத்தான். நீ என்ன நினைக்கிறாய் என்று எழுது. ஒரு வரி போதும்.

வஸ்ஸலாம்.
ஹிஸ்புல்லா


பள்ளிவாசல்துறை
12.08.2025

முஃபீதாவுக்கு, ஸலாம்.

சுகம்தானே? என் கடிதம் கிடைத்ததா? தபாலில் தொலைந்திருக்கும் என்று சொல்லாதே, தபாலே நீதான். போனில் கேட்டால் "ம்ம்" என்கிறாய். இந்த "ம்ம்" எப்படி மனுஷனைக் கொல்லும் என்று எனக்கு இப்போதுதான் தெரிகிறது.

வஸ்ஸலாம்.
ஹிஸ்புல்லா


கலுகஸ்வெவ
20.08.2025

என் அன்பு மச்சானுக்கு, அஸ்ஸலாமு அலைக்கும்.

நான் நல்ல சுகம், இன்றைக்கு இரண்டு மடங்கு சுகம். மன்னித்துக்கொள்ளுங்கள். எழுதத் தொடங்கினால் அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்து மை கலைந்துவிடுகிறது. தீர்ப்பு வந்த பிறகு எழுதலாம் என்று விட்டுவிட்டேன்.

தீர்ப்பு இன்று வந்தது. பதிவுத் தபால். ஒப்படைக்கிற உத்தியோகத்தர் நான், பெற்றுக்கொள்கிறவரும் நான். எனக்கு நானே கையெழுத்து வைத்து வாங்கினேன். தபாற்காரர் அருகில் நின்று, "உடையுங்க நோனா" என்று துடித்தார். என்னைப் புத்தளம் மாவட்டத்துக்குள்ளேயே மாற்ற வேண்டுமாம். செப்டெம்பர் முதலாம் திகதி கற்பிட்டிப் பக்கம் பொறுப்பெடுக்கச் சொல்லியிருக்கிறார்கள். அல்ஹம்துலில்லாஹ்!

இனி உங்கள் பயத்துக்கு வருகிறேன். மச்சான், நீங்கள் ஊருக்கு பஸ் ஏறிய அன்று பின்னேரமே சோமாவதி வந்து எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள். வலை, கட்டை, கழுத்தளவு தண்ணீர், எல்லாம். கவுண்டரைப் பிடித்துக்கொண்டு இரண்டு பேரும் சிரித்தோம். அவள் போன பிறகு நான் தனியே இருந்து அந்தப் படத்தைப் பார்த்தேன். இரவெல்லாம் பஸ்ஸில் வந்து, தொழில் வலையைக் கிழித்து, சேறு காயாத சாரத்தோடு, வெறுங்கையோடு என் முன்னால் வரமாட்டேன் என்று ஒரு மனுஷன் நிற்கிறார். அதற்கு அடுத்த நாள்தான் டவுனுக்குப் போய்ப் படத்தைப் பெரிதாக்கினேன். மேலதிகாரி "இது யார்?" என்று கேட்டபோதும் பெருமையாகத்தான் சொன்னேன். அது வழக்கில் போய் விழும் என்று கண்டேனா? உங்களிடம் சொல்லப் பயந்துபோய்க் கூரை ஓட்டைப் பற்றி எழுதினேன்.

மீன் பிடித்தவர் என்று நான் எழுதவில்லை, மச்சான். என் கணவர் என்றுதான் எழுதினேன். அது பொய்யில்லையே.

ஞாயிற்றுக்கிழமை 31ஆம் திகதி வருகிறேன். பஸ் முந்தல் சந்திக்கு அஸர் தொழுகைக்கு முன்னால் வந்துவிடும். செய்னுலாப்தீன் நானாவும் மற்றவர்களும் சிரிக்க வருவதென்றால் தாராளமாக வரட்டும். நான் இறங்கும்போது நீங்கள் எல்லோருக்கும் முன்னால் நில்லுங்கள். கையில் ஒன்றும் வேண்டாம்.

வஸ்ஸலாம்.
உங்கள் முஃபீதா